சயாட்டிக் நாட்ச் வடிவ அளவீடு: பிசிஏ படத்தில் ஆண்-பெண் பிரியாமல் வேறு ஏதோ இரண்டு கொத்து வருகிறது, ஏன்?

புதுக்கூடு (கேள்வி)

வணக்கம். வளர்ந்தவர்களின் உலர்ந்த இடுப்பெலும்புகளில் பெரிய சயாட்டிக் நாட்ச் எனும் பின்விளிம்புப் பள்ளத்தின் வடிவத்தை மட்டும் கொண்டு ஆண்-பெண் பிரிக்க முடியுமா என்று பார்க்கிறேன். மொத்தம் 84 எலும்புகள், 66 பேருடையவை. அவர்களில் 18 பேருக்கு இரண்டு பக்கமும் இருக்கிறது. வலது 47, இடது 37. பாலினம் பதிவேட்டிலிருந்து எடுத்தது.

செய்த முறை:

எலும்பின் வெளிப்புறம் மேலே பார்க்கும்படி மேசைமேல் படுக்கவைத்து, 18–55 லென்ஸ் உள்ள டிஎஸ்எல்ஆரில் மேசையிலிருந்து 40 செ.மீ. உயரத்தில் படம் எடுத்தேன். அளவுகோல் மேசைமேல் பக்கத்திலேயே இருந்தது. மூன்று நிலையான லேண்ட்மார்க் (அடையாளப் புள்ளி): இஸ்கியல் ஸ்பைன் எனும் கூர்முனையின் நுனி, நாட்சின் மிக ஆழமான இடம், பின்முனையில் பிரிஃபார்ம் டியூபர்கிள். இடையில் வளைவின் மேல் 15 செமிலேண்ட்மார்க் (வளைவின்மேல் வழுக்கிப் பொருத்தும் இடைப்புள்ளிகள்). முதல் 50 படங்களை (வலது 28, இடது 22) டிபிஎஸ்டிக்2 மென்பொருளில் குறித்தேன். கணினி மாறியதால் மீதி 34-ஐ (வலது 19, இடது 15) இமேஜ்ஜேயில் குறித்து ஒரே கோப்பாகச் சேர்த்தேன். பிறகு ஆர் மொழியில் ஜியோமார்ஃப் தொகுப்பில் ப்ரோக்ரஸ்டீஸ் பொருத்தமும் (வடிவங்களை ஒன்றன்மேல் ஒன்று வைப்பது) பிசிஏவும் (வேறுபாட்டைச் சில முக்கிய அச்சுகளில் சுருக்குவது).

முதல் அச்சில் இரண்டு இறுக்கமான கொத்துகள் வருகின்றன. ஒன்றில் 43, மற்றதில் 41. நடுவில் ஒரு புள்ளிகூட இல்லை. இரண்டிலும் ஆணும் பெண்ணும் கலந்திருக்கிறார்கள். வலது-இடது என்று நிறம் கொடுத்துப் பார்த்தேன், அதுவும் பொருந்தவில்லை. எந்த மென்பொருளில் குறித்தது என்று நிறம் கொடுத்தாலும் பொருந்தவில்லை. எங்கே தேடுவது?

---

வளைகோடு

விடை உங்கள் கேள்வியிலேயே இருக்கிறது, எண்களைக் கூட்டிப் பாருங்கள். டிபிஎஸ்டிக்கில் குறித்த வலது 28, இமேஜ்ஜேயில் குறித்த இடது 15. கூட்டினால் 43. டிபிஎஸ்டிக்கில் இடது 22, இமேஜ்ஜேயில் வலது 19. கூட்டினால் 41. உங்கள் இரண்டு கொத்துகளும் இவைதான்.

காரணம் இரண்டு கண்ணாடிப் பிம்பங்கள் ஒன்றன்மேல் ஒன்று விழுந்திருப்பது. வலது இடுப்பெலும்பையும் இடது இடுப்பெலும்பையும் ஒரே புறத்திலிருந்து படமெடுத்தால் ஒன்று மற்றதன் கண்ணாடிப் பிம்பம். இது முதல் திருப்பம். டிபிஎஸ்டிக்கில் ஆயத்தொலைவின் தொடக்கம் படத்தின் கீழ் இடது மூலை, ஒய் மேல்நோக்கிக் கூடும். இமேஜ்ஜேயில் தொடக்கம் மேல் இடது மூலை, ஒய் கீழ்நோக்கிக் கூடும். இமேஜ்ஜே எண்களை அப்படியே கொண்டுவந்து சேர்த்தால் உருவம் தலைகீழாகத் திரும்பும். அதுவும் ஒரு கண்ணாடிப் பிம்பம்தான். இது இரண்டாவது திருப்பம். இரண்டு முறை திரும்பியது பழைய நிலைக்கே வந்துவிடும். அதனால்தான் இமேஜ்ஜேயின் இடதும் டிபிஎஸ்டிக்கின் வலதும் ஒரே கொத்தில் உட்கார்ந்திருக்கின்றன. பக்கத்தை மட்டுமோ மென்பொருளை மட்டுமோ வைத்து நிறம் கொடுத்தால் இது கண்ணுக்குப் படாது, இரண்டையும் சேர்த்து நான்கு நிறம் கொடுத்தால் உடனே தெரியும்.

ப்ரோக்ரஸ்டீஸ் பொருத்தம் நகர்த்தும், அளவைச் சமமாக்கும், சுழற்றும். கண்ணாடித் திருப்பம் அதன் வேலையில் சேராது. சில மென்பொருள்கள் தேவைப்பட்டால் தாமாகவே திருப்பியும் பொருத்தும், ஜியோமார்ஃப் அப்படிச் செய்வதில்லை. தானாகத் திருப்பும் மென்பொருளில் இருந்திருந்தால் இந்தப் பிழை வெளியே தெரியாமலே போயிருக்கும். ஆகவே எதையும் மென்பொருளிடம் விடாமல் நீங்களே திருப்பிவிடுங்கள்:

1. இமேஜ்ஜேயில் குறித்த 34-க்கும் ஒய் மதிப்பை −1 ஆல் பெருக்குங்கள். படத்தின் உயரத்திலிருந்து கழித்தாலும் சரிதான், பொருத்தத்தில் நகர்வு எப்படியும் நீங்கிவிடும்.

2. அதன்பின் எல்லா வலது எலும்புகளுக்கும் எக்ஸ் மதிப்பை −1 ஆல் பெருக்குங்கள். மொத்தமும் இடதாகிவிடும்.

3. புள்ளிகளின் வரிசையைத் தொடாதீர்கள். 1-ஆம் புள்ளி இஸ்கியல் ஸ்பைன் என்றால் திருப்பிய பிறகும் அதுதான் 1.

4. பொருத்துவதற்கு முன் கச்சா ஆயத்தொலைவுகளை ஒவ்வொரு எலும்பாக வரைந்து பாருங்கள். முதல் புள்ளிக்கு ஒரு நிறம், கடைசிப் புள்ளிக்கு வேறு நிறம். 84 படமும் சிறிதாக ஒரே தாளில் வந்துவிடும், பத்து நிமிட வேலை.

நான்காவதை விட்டுவிடாதீர்கள். வளைவை ஒரு எலும்பில் ஸ்பைன் பக்கமிருந்தும் இன்னொன்றில் டியூபர்கிள் பக்கமிருந்தும் வரைந்திருந்தால் புள்ளி வரிசை எதிர்த்திசையில் போயிருக்கும். நாட்ச் ஏறக்குறைய சமச்சீரான வளைவு என்பதால் இந்தப் பிழையும் கண்ணாடித் திருப்பம் போலவே வேலை செய்யும், அந்த எலும்பு எதிர்க் கொத்துக்குப் போய்விடும். சில எலும்புகளில் மட்டும் இப்படி நடந்திருந்தால், மற்றவற்றைத் திருத்திய பிறகு அவை ஓரமாக ஒதுங்கிய நாலைந்து ‘விநோத எலும்புகளாக’ மட்டும் தோன்றும், நாமும் அதை இயற்கை வேறுபாடு என்று எடுத்துக்கொள்வோம். அதுதான் ஆபத்து.

இன்னொன்று, அளவு அலகு. டிபிஎஸ் கோப்பில் ஸ்கேல் வரி இருந்தால் ஜியோமார்ஃப் படிக்கும்போதே மில்லிமீட்டருக்கு மாற்றிவிடும். இமேஜ்ஜேயிலிருந்து வந்தவை பிக்சலாகவே இருந்தால் வடிவம் கெடாது, சென்ட்ராய்டு சைஸ் (புள்ளிகள் தங்கள் மையத்திலிருந்து எவ்வளவு பரவியிருக்கின்றன என்ற அளவு) மட்டும் இரண்டு கூட்டமாகப் பிரியும். சென்ட்ராய்டு சைஸின் ஹிஸ்டோகிராம் ஒன்று வரைந்தால் போதும், தெரிந்துவிடும்.

---

தூக்குக்குண்டு

மேலே சொன்னதைச் செய்தால் கொத்து மறையும். ஆனால் அடுத்த சிக்கல் படத்திலேயே இருக்கிறது. கொத்து மறைந்ததும் எல்லாம் சரி என்று நிறுத்திவிடாதீர்கள்.

40 செ.மீ. மிகவும் கிட்டம். கணக்கு எளிது: அளவுகோல் இருக்கும் தளத்திலிருந்து கேமரா D தூரத்தில் இருந்து, அளக்கும் இடம் அந்தத் தளத்தைவிட h உயரத்தில் இருந்தால், அது h/(D−h) விகிதத்தில் பெரிதாகத் தெரியும். நாட்ச் மேசையைவிட 30 மி.மீ. மேலே இருந்தால் 30/370, அதாவது 8 சதவீதம். 150 செ.மீ. தூரத்தில் அதே 30 மி.மீ. 2 சதவீதம்தான். இந்தப் பிழை எல்லாப் புள்ளிகளுக்கும் ஒரே மாதிரி இருந்தால் அளவை மட்டும் கெடுக்கும். வடிவம் கெடுவது நாட்சின் இரண்டு முனைகளும் வெவ்வேறு உயரத்தில் இருக்கும்போது. மேசையில் சும்மா படுக்கவைத்த இடுப்பெலும்பில் பெரும்பாலும் அப்படித்தான் இருக்கும், ஒவ்வொரு எலும்பிலும் வேறு அளவில்.

தூரத்தைக் கூட்டினாலும் தீராத ஒன்று சாய்வு. 50 மி.மீ. அகல நாட்சில் ஒரு முனை 15 மி.மீ. உயர்ந்திருந்தால் தளம் ஏறக்குறைய 17 டிகிரி சாய்ந்திருக்கிறது, படத்தில் அகலம் 5 சதவீதத்துக்குச் சற்றுக் குறைவாகச் சுருங்கும். ஆழம் சுருங்காது. குறுகி ஆழமான நாட்ச் என்பது ஆணின் அடையாளம். ஆக, சாய்த்து வைத்த பெண் எலும்பு ஆண் பக்கமாக நகர்ந்துவிடுகிறது. தற்செயலான பிழை என்றால் சராசரியில் அடங்கிவிடும் என்று நினைக்கலாம். இங்கே பிழை விழும் திசையும் நாம் தேடும் வேறுபாட்டின் திசையும் ஒன்றாக இருப்பதால் இதை அலட்சியம் செய்ய முடியாது.

மறுபடி எடுப்பதாக இருந்தால்:

தளத்தை மூன்று புள்ளிகளால் நிர்ணயியுங்கள்: இஸ்கியல் ஸ்பைனின் அடி, நாட்சின் ஆழமான விளிம்பு, பின்முனை. மூன்றும் மேசையிலிருந்து ஒரே உயரத்தில் வரும்படி எலும்புக்கு அடியில் சிறு மணல் பைகளை வையுங்கள். உயரத்தை ஹைட் கேஜால், அது இல்லையென்றால் செங்குத்தாக நிறுத்திய எஃகு அளவுகோலால் பாருங்கள். 1 மி.மீ.க்குள் வந்தால் போதும். ப்ளாஸ்டிசின் களிமண்ணை நேராக எலும்பில் ஒட்டாதீர்கள். எண்ணெய் இறங்கிக் கறை நிரந்தரமாகிவிடும்.

அளவுகோலை மேசையில் வைக்காமல் அந்த மூன்று புள்ளிகளின் உயரத்துக்கே ஒரு கட்டைமேல் தூக்கி வையுங்கள்.

கேமராவை ட்ரைபாடிலோ காப்பி ஸ்டாண்டிலோ செங்குத்தாகக் கீழ்நோக்கி மாட்டுங்கள். லென்ஸ் முகத்தில் ரசமட்டம் வைத்து இரு திசையிலும் பாருங்கள், மேசையையும் அதே ரசமட்டத்தால் பாருங்கள். லென்ஸ் நடுவிலிருந்து ஒரு தூக்குக்குண்டைத் தொங்கவிட்டால் நாட்ச் எங்கே வரவேண்டும் என்று தெரியும். படத்தின் நடு மூன்றில் ஒரு பங்குக்குள் நாட்சை வையுங்கள், லென்ஸ் விளிம்பில்தான் கோணல் அதிகம்.

18–55 லென்ஸை 18 முனையில் பயன்படுத்தியிருந்தால் நேர்கோடுகள் வெளிப்புறமாக உப்பியிருக்கும். 55 முனையில் வைத்து ஜூம் வளையத்தை டேப் ஒட்டி நகராமல் செய்யுங்கள். 100 மி.மீ. மேக்ரோ கிடைத்தால் இன்னும் நல்லது. எஃப்11 அளவில் எடுத்தால் விளிம்பு முழுவதும் கூர்மையாக வரும். முதல் படமாக ஒரு கட்டத்தாளை அதே உயரத்தில் வைத்து எடுத்துக்கொள்ளுங்கள். நடுவிலும் ஓரத்திலும் கட்டங்களை அளந்து ஒப்பிட்டால் உங்கள் லென்ஸின் கோணல் எவ்வளவு என்று உங்களிடமே எண் இருக்கும்.

வெளிச்சம்: நாட்சின் விளிம்பு தடித்து உருண்டது, கத்தி முனை போன்றதல்ல. ஒரு பக்கமிருந்து மட்டும் விளக்கு வந்தால் நிழலும் விளிம்பும் ஒன்றாகி, வளைவு 1–2 மி.மீ. தள்ளிப் போகும். அடியிலிருந்து ஒளி தரும் எக்ஸ்ரே பார்க்கும் பெட்டி கிடைத்தால் அதன்மேல் வையுங்கள், நிழலுருவமாக விளிம்பு சுத்தமாக வரும். அது இல்லையென்றால் கறுப்பு வெல்வெட் துணி, இருபுறமும் 45 டிகிரியில் இரண்டு விளக்குகள்.

---

தாழிமண்

லேண்ட்மார்க் தேர்வு பற்றி. உங்கள் மூன்றில் இரண்டு எனக்குச் சரியாகப் படவில்லை.

முதலில் இஸ்கியல் ஸ்பைன் நுனி. இடுப்பெலும்பில் முதலில் உடையும் இடங்களில் ஒன்று அது. அகழாய்வு எலும்பானாலும் கல்லூரியில் பல ஆண்டு கையாளப்பட்ட எலும்பானாலும் நுனி தேய்ந்தோ முறிந்தோ இருக்கும், 1 மி.மீ. முறிந்ததைக் கண்ணால் கண்டுபிடிக்கவும் முடியாது. முழு நுனி உள்ளவற்றை மட்டும் எடுத்தால் மாதிரி சுருங்கும், முறிந்ததையும் நுனி என்று குறித்தால் தவறான வடிவம் வரும். நாட்சின் விளிம்பு ஸ்பைனின் மேல்விளிம்பாக மாறும் அடியைப் புள்ளியாக எடுங்கள். அது கூரான இடமல்ல, ஆள் மாறினால் இடம் மாறும் என்பது உண்மைதான். அதன் பிழையைத் தனியாக அளந்து வெளியிட்டால் போதும்.

இரண்டாவது, ‘மிக ஆழமான இடம்’. இது எலும்பில் உள்ள அடையாளமே அல்ல. இரு முனைகளை இணைக்கும் நாணிலிருந்து அதிகத் தொலைவில் உள்ள இடம் என்பதுதான் அதன் வரையறை. முனைகளில் ஒன்று சற்று நகர்ந்தால் நாண் சாயும், ஆழமான இடமும் வளைவின்மேல் வழுக்கிப் போகும். அகன்று தட்டையான பெண் நாட்சில் சிறு சாய்வுக்கே அது பல மில்லிமீட்டர் தள்ளிப் போகக்கூடும். புக்ஸ்டீன் 1991-இல் வகுத்த பிரிவில் இது மூன்றாம் வகை, இருப்பதிலேயே பலவீனமானது. இதை நிலையான புள்ளியாக வைத்தால் இருபுறமும் உள்ள செமிலேண்ட்மார்க்குகள் அதைத் தாண்டி வழுக்க முடியாமல் அந்தப் பிழையைச் சுமக்கும். அதை எடுத்துவிட்டு இரண்டு முனைகள் மட்டும் நிலையானவை, இடையில் 16 செமிலேண்ட்மார்க் என்று வையுங்கள். ஆழமான இடம் எங்கே என்ற தகவல் வளைவிலேயே இருக்கிறது, எங்கும் போய்விடாது.

அந்தத் தகவல் முக்கியமானது என்பதையும் சொல்ல வேண்டும். நாட்சில் பால் வேறுபாடு அகலம், ஆழம் என்று மட்டும் பார்த்தால் பாதிதான் கிடைக்கும். ஆணில் பின்பகுதி கொக்கி போல உள்ளே மடங்கி, ஆழமான இடம் பின்முனைக்கு நெருங்கி வரும். பெண்ணில் பின்பகுதி நீண்டு விரிந்திருக்கும். சிங், பொட்டூரி இருவரும் 1978-இல் இந்திய எலும்புகளில் நாட்சின் அகலத்தை ஆழப் புள்ளியில் பிரித்துப் பின்பாகத்தைத் தனியாக அளந்தது இதற்காகத்தான். வெர்னியரில் அவர்கள் தேடியதை வளைவு முழுவதையும் எடுத்துப் பார்ப்பதுதான் இந்த முறையின் பலன். பிசிஏ அச்சின் இரு முனை வடிவங்களையும் வரைந்து, பின்பகுதி மடங்குகிறதா என்று கண்ணால் பாருங்கள். மடங்காமல் முழு வளைவும் ஒரேயடியாக அமுங்கி விரிந்தால் மேலே தூக்குக்குண்டு சொன்ன சாய்வுப் பிழை என்று சந்தேகப்படுங்கள்.

வளைவை எடுக்கும் படிகள்: டிபிஎஸ்டிக்கில் வளைவுக் கருவியால் விளிம்பை ஸ்பைன் பக்கமிருந்து அடர்த்தியாகக் கிளிக் செய்து வரையுங்கள். பிறகு நீளத்தின்படி சம இடைவெளியில் 18 புள்ளியாக மாற்றுங்கள். டிபிஎஸ்யூட்டில் என்ற துணை மென்பொருளில் வளைவை லேண்ட்மார்க்காக மாற்றிச் சேருங்கள். இங்கே பலரும் தவறும் ஒரு இடம் உண்டு. வளைவின் முதல் புள்ளியும் கடைசிப் புள்ளியும் உங்கள் இரண்டு நிலையான லேண்ட்மார்க் மீதே விழும். அந்த இரட்டைகளை நீக்காவிட்டால் அந்த இடங்களுக்கு இரட்டை எடை கிடைக்கும், வழுக்கும் கணக்கும் குழம்பும். நீக்கிய பிறகு 2+16, மொத்தம் 18.

வழுக்கும் அட்டவணை மூன்று பத்தி: முன்புள்ளி, வழுக்கும் புள்ளி, பின்புள்ளி. 16 வரிசை இருக்க வேண்டும், எண்ணிப் பாருங்கள். வளைவு ஆற்றலை (ஒரு வடிவத்தை இன்னொன்றாக வளைக்க எவ்வளவு தேவை என்ற கணக்கை) குறைத்து வழுக்குவதா, ப்ரோக்ரஸ்டீஸ் தூரத்தைக் குறைத்து வழுக்குவதா என்பதை வெளிப்படையாகத் தேர்ந்து எழுதுங்கள். முதலாவதில் அண்டைப் புள்ளிகள் சேர்ந்து நகரும், இரண்டாவதில் ஒவ்வொன்றும் தன்பாட்டுக்கு நகரும். ஒரே எலும்பின் ஒரே வளைவுக்கு நான் முதலாவதையே எடுப்பேன். 16-க்குப் பதில் 40 புள்ளி போட்டால் துல்லியம் கூடும் என்று நினைக்க வேண்டாம். நெருங்கிய புள்ளிகள் வழுக்கும்போது ஒன்றையொன்று தாண்டிப் போய்விடும்.

மார்ஃபோஜே மென்பொருளுக்கு மாறுவதாக இருந்தால் ஒரு எச்சரிக்கை: அது செமிலேண்ட்மார்க்கை வழுக்காது. எல்லாவற்றையும் சாதாரணப் புள்ளியாகவே எடுத்துக்கொள்ளும். வழுக்கி முடித்த ஆயத்தொலைவுகளை ஏற்றுமதி செய்து அதில் கொடுங்கள்.

---

புதுக்கூடு

மூவருக்கும் மிக்க நன்றி. இமேஜ்ஜேயின் ஒய்யையும் வலதின் எக்ஸையும் திருப்பியதும் கொத்துகள் முற்றிலும் மறைந்துவிட்டன. கச்சா வரைபடத்தில் பார்த்தேன், வளைவு எதிர்த்திசையில் வரைந்த எலும்பு எதுவும் இல்லை. நாளை முதல் 150 செ.மீ.யில் மணல் பையோடு மறுபடி எடுக்கிறேன்.

இரண்டு கேள்விகள். திரும்பத் திரும்ப அளந்து பிழையைச் சோதிக்க எத்தனை எலும்பு போதும்? மறுபடி எடுத்த பிறகு எல்டிஏ (குழுக்களைப் பிரித்துக் காட்டும் புள்ளியியல் முறை) செய்து சரியான விகிதத்தைச் சொன்னால் போதுமா?

---

பதிவேடு

எல்டிஏவுக்கு முன்னால் ஒரு கேள்வி: உங்கள் பதிவேட்டில் ‘ஆண்’, ‘பெண்’ என்று எழுதியது யார், எதைப் பார்த்து?

இதைக் குறை சொல்வதற்காகக் கேட்கவில்லை. இந்த ஆய்வு முழுவதும் நிற்பது அதன்மேல்தான். இந்திய உடற்கூறியல் துறைகளில் உள்ள பழைய உலர் எலும்புகள் பலவும் எலும்பு வியாபாரிகளிடம் வாங்கியவை. 1985-இல் மனித எலும்பு ஏற்றுமதி தடை செய்யப்படும்வரை இந்தியா உலகத்துக்கே எலும்பு அனுப்பிய நாடு. அந்த வியாபாரத்தில் இறந்தவரின் பெயரோ வயதோ பாலினமோ எலும்போடு வருவதில்லை. பிற்பாடு யாரோ ஒருவர் இடுப்பெலும்பைக் கையில் எடுத்து, நாட்சில் பெருவிரலை வைத்துப் பார்த்து, ‘பெண்’ என்று மையால் எழுதியிருப்பார். அந்த எழுத்தை வைத்து நாட்சால் பாலினம் கண்டுபிடிக்க முடியும் என்று நிரூபித்தால், நாட்சை நாட்சாலேயே நிரூபித்ததாகிவிடும். விகிதம் மிக நன்றாக வரும், ஆனால் அதற்குப் பொருளே இல்லை.

பதிவு இறந்தவரின் ஆவணத்திலிருந்து வந்ததா என்று துறையில் கேட்டு எழுத்தில் வாங்குங்கள். உடல் தானமாகப் பெற்றவர்களின் எலும்பு என்றால் கவலை இல்லை. ஆவணம் இல்லையென்றால் இரண்டு வழிகள்.

ஒன்று, பியூபிஸ் (இடுப்பெலும்பின் முன்பகுதி) முழுதாக இருக்கும் எலும்புகளில் ஃபெனிஸ் 1969-இல் சொன்ன மூன்று அடையாளங்களை (வென்ட்ரல் ஆர்க், பியூபிஸுக்குக் கீழ் உட்குழிவு, இஸ்கியோபியூபிக் ரேமஸின் உட்புற விளிம்பு) நாட்சை மறைத்துக்கொண்டு வேறொருவர் பார்த்துச் சொல்வது. அது ஆவணத்துக்கு ஈடாகாது, ஆனால் குறைந்தபட்சம் நாட்சிலிருந்து தனித்து நிற்கும். நாட்சில் இவ்வளவு அக்கறை காட்டுவதன் காரணமே பியூபிஸ் மண்ணில் எளிதில் சிதைவதுதான். முதுமக்கள் தாழி போன்ற புதைவுகளில் முழு பியூபிஸ் கிடைப்பது அரிது. ஆகவே உங்கள் கேள்வி மிகவும் பயனுள்ளது, அதைச் சரியான அடித்தளத்தில் வைத்தாக வேண்டும்.

இன்னொன்று, நெறிமுறைக் குழு அனுமதியோடு மருத்துவமனையின் இடுப்பு சிடி படங்கள், பெயர் நீக்கியவை. வயதும் பாலினமும் ஆவணப்படி இருக்கும். ஸ்லைஸ் தடிமன் 1 மி.மீ. அல்லது அதற்குக் கீழே உள்ளவற்றை மட்டும் எடுங்கள், 5 மி.மீ. ஸ்லைஸில் வளைவு படிக்கட்டாக வரும். 3டி ஸ்லைசரில் எலும்பைப் பிரித்து, ஸ்லைசர்மார்ஃப் நீட்சியில் வளைவை நேராக முப்பரிமாணத்தில் குறிக்கலாம். அப்போது சாய்வு, தூரம், லென்ஸ் மூன்று தொல்லையும் ஒரேயடியாகப் போகும். இரண்டும் இலவச மென்பொருள்கள். எல்லா எலும்புக்கும் ஒரே முறையில் த்ரெஷோல்டு (எலும்பு என்று எடுக்கும் அடர்த்தி எல்லை) வையுங்கள், மென்மையாக்கும் கருவியை அளவோடு பயன்படுத்துங்கள். அதிகமானால் ஸ்பைன் சுருங்கிப் போகும். சிடியையும் உலர் எலும்புப் படத்தையும் ஒரே பகுப்பாய்வில் கலக்காதீர்கள்.

வயதையும் விட்டுவிடாதீர்கள். வாக்கர் 2005-இல் ஆவணம் உள்ள தொகுப்புகளில் நாட்சை 1 முதல் 5 வரை மதிப்பிட்டு, மக்கள் தொகுதிக்குத் தொகுதி மட்டுமல்ல, இறந்த வயதுக்கு ஏற்பவும் மதிப்பு மாறுகிறது என்று காட்டினார். இளவயதில் இறந்தவர்களின் நாட்ச் சற்றுப் பெண் பக்கமாக விரிந்திருக்கும். ஒரு தொகுதியில் பெறும் வெட்டுக்கோட்டை இன்னொன்றுக்கு அப்படியே எடுத்துச் செல்ல முடியாது.

---

வளைகோடு

பிழைச் சோதனைக்கு 20 எலும்பு எடுங்கள். ஒவ்வொன்றையும் மணல் பையிலிருந்து முழுதாக எடுத்துவிட்டு, வேறொரு நாளில் புதிதாக வைத்து இன்னொரு படம். ஒவ்வொரு படத்தையும் இரண்டு முறை குறிக்க வேண்டும். 20 எலும்பு × 2 படம் × 2 குறிப்பு, மொத்தம் 80. ஒரே படத்தை இரண்டு முறை குறித்துவிட்டுப் பிழை குறைவு என்று சொல்வது இங்கே போதாது. பெரிய பிழை வைக்கும் விதத்தில் இருக்கிறது, அதை அந்தச் சோதனை தொடவே இல்லை.

ப்ரோக்ரஸ்டீஸ் அனோவாவில் (வடிவ வேறுபாட்டை அதன் காரணங்களாகப் பிரிக்கும் கணக்கு) எலும்பு, படம், குறிப்பு என்று ஒன்றுக்குள் ஒன்றாக வையுங்கள். திரும்பு துல்லியம் (மறுபடி அளந்தாலும் அதே விடை வருவது) கணக்கிட, n என்பது திரும்ப அளந்த தடவைகள்: (எலும்பின் சராசரி வர்க்கம் − பிழையின் சராசரி வர்க்கம்) ÷ (எலும்பின் சராசரி வர்க்கம் + (n−1) × பிழையின் சராசரி வர்க்கம்). உதாரணத்துக்கு, எலும்பு 0.0042, பிழை 0.0003, n=2 என்றால் 0.0039/0.0045, அதாவது 0.87. படம் எடுத்த பிழைக்கும் குறித்த பிழைக்கும் தனித்தனியாகக் கணக்கிடுங்கள், எதைத் திருத்த வேண்டும் என்று அதுவே சொல்லும்.

குறிக்கும்போது கோப்பின் பெயரில் பாலினம் தெரியக்கூடாது. டிபிஎஸ்யூட்டிலில் படங்களைக் குலுக்கி வரிசைப்படுத்தும் வசதி உண்டு. முதல் நாள் எல்லாப் பெண், மறுநாள் எல்லா ஆண் என்று குறித்தால் இடையில் உங்கள் கை மாறியதும் பால் வேறுபாடாகப் பதிவாகும்.

இனி எல்டிஏ. 18 புள்ளி இருபரிமாணத்தில் 36 எண்கள். பொருத்தத்தில் 4 போகும், 16 செமிலேண்ட்மார்க் வழுக்குவதில் இன்னும் 16. உண்மையான பரிமாணம் 16. மென்பொருள் 36 பத்தி காட்டுகிறது என்று அத்தனையையும் உள்ளே கொடுக்காதீர்கள், அணி தலைகீழாக்க முடியாமல் நின்றுவிடும். எலும்பு எண்ணிக்கைக்கு ஒப்பிட மாறிகள் கூடக்கூட எல்டிஏ எந்த இரண்டு குழுவையும் பிரித்துக் காட்டும், பாலினத்தைக் குலுக்கிப் போட்டாலும் பிரிக்கும். ஐயமிருந்தால் அப்படியே செய்து பாருங்கள்: பாலினப் பத்தியைக் குலுக்கிவிட்டு எல்டிஏ ஓட்டி, எவ்வளவு ‘சரி’ வருகிறது என்று பாருங்கள். குழுக்களின் சராசரியை வைத்துச் செய்யும் பிசிஏவிலும் இதே பொய்ப்பிரிவு வரும் என்று 2019-இல் கார்டினி, ஓஹிக்கின்ஸ், ரோல்ஃப் காட்டியிருக்கிறார்கள்.

ஆகவே ஒன்றை விட்டுச் சோதிக்கும் விகிதத்தைத்தான் வெளியிட வேண்டும். அதிலும் எலும்பை விடாமல் ஆளை விடுங்கள். உங்களிடம் 18 பேருக்கு இரண்டு பக்கமும் இருக்கிறது. வலதை வெளியே எடுத்துச் சோதிக்கும்போது அதே ஆளின் இடது உள்ளேயே இருந்து விடையைக் காட்டிக்கொடுக்கும். ஆளுக்கு ஒரு எலும்பு என்று 66-ஆகக் குறைத்துக்கொள்வது இன்னும் சுத்தம். இரு பக்கமும் உள்ளவர்களை வலது-இடது வேறுபாட்டைப் பார்க்கத் தனியாக வையுங்கள். எத்தனை பிசி அச்சு எடுப்பது என்ற முடிவையும் ஒவ்வொரு சுற்றுக்குள்ளேயே எடுங்கள், முழுத் தரவையும் பார்த்து முன்கூட்டியே முடிவு செய்தால் அதுவும் கசிவுதான்.

கடைசியாக, அளவின் தாக்கம். வடிவத்தை சென்ட்ராய்டு சைஸின் லாகரிதத்தோடு ஒப்பிட்டு அளவின் பங்கை நீக்குவது வழக்கம். இங்கே அப்படியே செய்யாதீர்கள். நாட்ச் அகலமானால் அதன் சென்ட்ராய்டு சைஸும் கூடும், ஆகவே சிறிய உடல் கொண்ட பெண்ணுக்கு உடலோடு ஒப்பிட்டால் பெரிய எண் வரும். அது நாட்சின் அளவு, உடலின் அளவு அல்ல. அதை நீக்கினால் நீங்கள் தேடும் பால் வேறுபாட்டில் ஒரு பகுதியையே வெட்டி எறிகிறீர்கள். உடலளவுக்கு அசிடாபுலத்தின் (தொடையெலும்பின் தலை பொருந்தும் குழியின்) செங்குத்து விட்டத்தை வெர்னியரில் அளந்து வையுங்கள். அதே எலும்பில் இருக்கிறது, உடைவதும் குறைவு. மணல் பையில் வைக்கும் முன்பே அளந்துவிட்டால் எலும்பை இரண்டாவது முறை கையாள வேண்டியதில்லை.

---

புதுக்கூடு

பதிவேட்டைப் பார்த்தேன். 66 பேரில் 39 பேருக்குத்தான் உடல் தான ஆவணம் இருக்கிறது. மீதி 27 பேருக்குப் பாலினம் எலும்பின் மேல் மையால் எழுதியது மட்டுமே.

---

பதிவேடு

அந்த 39 பேரை வைத்து மட்டும் எல்டிஏவைக் கட்டுங்கள், 16 பரிமாணத்துக்கு அது குறைவு என்பதால் முதல் 3 அல்லது 4 பிசி அச்சுக்கு மேல் போகாதீர்கள். 27 பேரைத் தூக்கிப்போட வேண்டாம். 39 பேரின் சராசரி வடிவத்தோடு பொருத்தி, மையெழுத்தைப் பார்க்காமல் முதலில் கணித்து எழுதி வையுங்கள். பிறகு மையெழுத்தோடு ஒப்பிடுங்கள். பியூபிஸ் முழுதாக உள்ளவற்றுக்கு ஃபெனிஸ் அடையாளங்களோடும் ஒப்பிடுங்கள். இவற்றில் ஏதேனும் ஒன்று முரண்படும் எலும்புகளின் எண்களைத் தனிப் பட்டியலாக எடுத்துத் துறையிடம் கொடுங்கள், அவற்றின் பதிவு திருத்தப்பட வேண்டும்.